ஆர்.டி.ஓ. அக்கா

காலை ஆறு பத்துக்கு எனக்கு இருப்புக் கொள்ளாது. கண்டக்டர் வேலையை விட்டு இப்போது தேனியில் ஒரு உதிரிபாகக் கடையில் உட்கார்ந்த வேலை பார்க்கிறேன். கடை திறப்பதோ ஒன்பது மணிக்கு. ஆனாலும் ஆறு பத்து ஆனால் டீயைப் பாதியில் வைத்துவிட்டு வாசலுக்கும் அடுப்படிக்கும் நடக்க ஆரம்பித்துவிடுவேன். யாரு வரப்போறாக என்று என் மனைவி கேட்பாள். யாரும் வரப்போவதில்லை. எங்கேயோ யாரோ நமக்காகக் காத்துக்கொண்டு நிற்கிறார்கள் என்ற நினைப்புதான்.

அந்த அக்காவின் பெயர் எனக்குத் தெரியும், சொல்லப்போவதில்லை. ஊர்ப் பெயரையும் சொல்லவில்லை. கம்பத்திலிருந்து தேனிக்கு வரும் தடத்தில், சின்னமனூருக்கு முந்தி, சுற்றிலும் வாழையும் தென்னையும் திராட்சைப் பந்தலுமாக ஒரு பேரூராட்சி என்றால் போதும். அந்தத் தடத்தில் ஓடிய தனியார் வண்டிக்காரர்கள் நாங்கள் எல்லோருமாகச் சேர்ந்து அவருக்கு வைத்த பெயர் ஆர்.டி.ஓ. அக்கா. முகத்துக்கு நேரே அக்கா, முதுகுக்குப் பின்னால் ஆர்.டி.ஓ. நிஜமான ஆர்.டி.ஓ.வுக்குக்கூட நாங்கள் அவ்வளவு பயந்ததில்லை. அவர் எப்போதாவது ஒருநாள் வண்டியை மறித்துச் சோதனை போடுவார். இவர் செவ்வாயும் வெள்ளியும் தவறாமல் நிற்பார்.

ஒல்லியான, உயரமான உடம்பு. வீட்டிலேயே ரவிக்கை தைத்துக் கொடுக்கிறவர். கழுத்தில் போட்ட இஞ்சு டேப்பை எடுக்க மறந்து அப்படியே பஸ் ஸ்டாண்டுக்கு வந்துவிடுவார். கையில் ஒரு ஒயர் கூடை, அதில் ஒரு பிளாஸ்க், ஒரு போர்வை, ஒரு பைல். புருசனை சிமெண்டுப் பெஞ்சில் உட்கார வைத்துவிட்டு இவர் உட்கார மாட்டார். நாலாவது தூணுக்கும் கழிப்பறைச் சுவருக்கும் நடுவே நடந்துகொண்டே இருப்பார். போகும்போது ரோட்டைப் பார்ப்பார், வரும்போது மேலே இருக்கும் பெரிய கடிகாரத்தைப் பார்ப்பார். அந்தக் கடிகாரம் நின்றுபோய் பல வருடம் ஆகியிருந்தது. கையில் வாட்ச் கட்டியிருக்கிறவர் நின்றுபோன கடிகாரத்தை ஏன் பார்க்கிறார் என்று ஒருநாள் கேட்டேன். அதை ஓட வைக்கச் சொல்லி மனுக் கொடுத்திருப்பதாகவும், ஓடுகிறதா என்று பார்க்க வேண்டாமா என்றும் கேட்டார்.

எல்லாம் பைபாஸ் வந்ததால் வந்த வினை. அதற்கு முன்னால் எந்த வண்டியும் ஊருக்குள் நுழைந்துதான் போயாக வேண்டும். பைபாஸ் திறந்த அன்றே எங்களுக்கு இறக்கை முளைத்துவிட்டது. பிரிவில் திரும்பி, ஊருக்குள் போய், ஸ்டாண்டைச் சுற்றிவிட்டு மறுபடி பைபாஸில் ஏற ஏழு நிமிடம் ஆகும். அந்த ஏழு நிமிடத்தில் பின்னால் வருகிற வண்டிக்காரன் எங்களைத் தாண்டிப்போய் சின்னமனூர் ஆட்களை மொத்தமாக அள்ளிவிடுவான். அப்புறம் தேனி வரைக்கும் காலி சீட்டோடு போய் முதலாளியிடம் வாங்கிக் கட்டிக்கொள்ள வேண்டும்.

அதற்கு நாங்கள் ஒரு ஏற்பாடு வைத்திருந்தோம். ஊருக்குள்ளிருந்து பைபாஸ் பிரிவுக்கு ஆள் ஏற்றி வரும் ஆட்டோக்காரர்கள், எங்கள் வண்டி தூரத்தில் தெரிந்ததும் கையை உயர்த்துவார்கள். உள்ளே எத்தனை பேர் நிற்கிறார்களோ அத்தனை விரல். ஐந்து விரலும் விரிந்திருந்தால் உள்ளே போவோம். ஒரு விரல் குறைந்தாலும் பைபாஸில் நிற்கிறவர்களை மட்டும் ஏற்றிக்கொண்டு போய்விடுவோம். கை மூடியிருந்தால் உள்ளே ஆளே இல்லை. எந்தச் சட்டத்திலும் இல்லாத இந்தச் சட்டத்தை, அந்த அக்கா குறுக்கே வரும்வரை, நாங்கள் ஒருநாளும் மீறியதில்லை.

ஊர்க்காரர்களும் சீக்கிரமே பழகிவிட்டார்கள். ஸ்டாண்டில் நிற்பது வீண் என்று தெரிந்து, ஆட்டோ பிடித்தோ நடந்தோ பைபாஸுக்கு வர ஆரம்பித்தார்கள். பைபாஸில் ஒன்றும் கிடையாது. ரோடு போட்டபோது நின்ற புளியமரங்களையும் வெட்டிவிட்டார்கள். வெயில் அடித்தால் வெயில், மழை பெய்தால் மழை. ஒன்றுக்குப் போக வேண்டுமென்றால் ஆண்களுக்கு வாழைத்தோட்டம் இருக்கிறது, பெண்கள் அடக்கிக்கொள்ள வேண்டியதுதான். ஒரு கிலோமீட்டர் தள்ளி ஊருக்குள் கூரை போட்ட ஸ்டாண்டு, பெஞ்சு, கழிப்பறை, குடிநீர்த் தொட்டி, தாய்மார்கள் பாலூட்டும் அறை எல்லாம் சும்மா கிடந்தன. நாய்கள் மட்டும் ஒழுங்காகப் பயன்படுத்திக்கொண்டிருந்தன.

அக்கா என்னிடம் முதலில் பேசியது தேனி ஸ்டாண்டில். நான் படியில் நின்று உத்தமபாளையம், கம்பம் என்று கத்திக்கொண்டிருந்தேன். கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து நின்றார்.

“தம்பி, இந்த வண்டி பெர்மிட்டுல எங்க ஊரு ஸ்டாண்டு இருக்கா, இல்லையா?”

எனக்குச் சிரிப்பு வந்தது. “பெர்மிட்டு முதலாளி பீரோவுல இருக்குக்கா. எங்கிட்ட டிக்கெட்டுதான் இருக்கு” என்றேன். அவருக்குக் கோபம் வரவில்லை. சரி, நான் வாங்கிக்கிறேன் என்று சொல்லிவிட்டு ஏறி உட்கார்ந்தார். நானும் மறந்துவிட்டேன்.

ஒன்றரை மாதம் கழித்து உண்மையிலேயே வாங்கிக்கொண்டு வந்துவிட்டார். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் எழுதிப் போட்டிருக்கிறார். வந்த பதிலை லேமினேட் செய்து, ரவிக்கைத் துணியில் மிஞ்சிய துண்டில் அதற்கு ஒரு உறையும் தைத்து வைத்திருந்தார். ஓடுகிற வண்டியில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்று அதை வாசித்தார். தடத்திலுள்ள பேருந்து நிலையங்களுக்குள் சென்றே பயணிகளை ஏற்றி இறக்க வேண்டும் என்ற வரி வந்ததும் நிறுத்தி, என்னைப் பார்த்து, மறுபடியும் ஒருமுறை வாசித்தார். வண்டி முழுக்கச் சிரிப்பு. ஏலே, அந்தம்மாவும் டிபார்ட்மெண்டு ஆளுதான், பாதி டிக்கெட் போடு என்று டிரைவர் அண்ணன் கண்ணாடியில் பார்த்துச் சொன்னார். அக்கா முழு டிக்கெட் இரண்டு வாங்கினார். வாங்கிக்கொண்டு, பிற்பாடு நான் நூறு முறை கேட்கப்போகிற, அவர் ஊர் ஸ்டாண்டைப் பற்றிய அந்தக் கேள்வியை முதல்முறையாகக் கேட்டார்.

“பின்ன எதுக்குக் கட்டுனாக?”

அதில் கோபமோ நக்கலோ இருக்காது. நிஜமாகவே பதில் தெரிந்துகொள்ள வேண்டும் என்பது போலக் கேட்பார். அதுதான் எரிச்சல். கத்தினால் நாமும் கத்தலாம். பதில் இல்லாத கேள்வியைப் பொறுமையாகக் கேட்கிறவரை என்ன செய்வது?

திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்துக்கு மனுவோடு போனார். ஒரு தடவை இல்லை, எத்தனை தடவை என்று எனக்குக் கணக்கில்லை. கடைசியில் பைபாஸ் பிரிவில் ஒரு போர்டு வந்தது. அனைத்துப் பேருந்துகளும் பேருந்து நிலையத்திற்குள் வந்து செல்ல வேண்டும், மீறினால் நடவடிக்கை எடுக்கப்படும். நாங்களும் பயந்துபோய் உள்ளே போனோம். ஒரு வாரம். எட்டாம் நாள் அந்தப் போர்டின்மேல் யாரோ ஒரு காதணி விழா போஸ்டரை ஒட்டிவிட்டார்கள். போர்டு மறைந்ததும் சட்டமும் மறைந்துவிட்டதாக நாங்களே முடிவு செய்துகொண்டோம். அந்த வெள்ளிக்கிழமை பைபாஸில் அக்காவைப் பார்த்தேன். பஸ்ஸுக்கு நிற்கவில்லை. ஒரு வாளித் தண்ணீரும் துணி வெட்டுகிற கத்தரிக்கோலுமாக, காது குத்துகிற பிள்ளையின் படத்தை ஓரத்திலிருந்து சுரண்டிக்கொண்டிருந்தார். படம் கிழியாமல் வரவேண்டும் என்று பார்த்துப் பார்த்துச் சுரண்டினார். புள்ள முகத்தக் கிழிக்கக் கூடாதுல்ல தம்பி என்றார்.

பாலூட்டும் அறைச் சமாச்சாரம் நடந்ததும் நாங்கள் ஒழுங்காக உள்ளே போன அந்த ஒரு வாரத்தில்தான். கைக்குழந்தையோடு ஒரு பெண், கேரளத்துத் தோட்டத்துக்கு வேலைக்குப் போய்விட்டுத் திரும்பியவள், பெஞ்சில் சுவர்ப்பக்கம் திரும்பி உட்கார்ந்து முந்தானையை இழுத்து இழுத்து மூடிக்கொண்டிருந்தாள். குழந்தை வீல் வீல் என்று அழுதது. பாலூட்டும் அறையில் பூட்டு. சைக்கிள் ஸ்டாண்டு ஏலம் எடுத்தவர் அதற்குள் உடைந்த நாற்காலிகளைப் போட்டு வைத்திருந்தார். அக்கா அவரிடம் போய்ச் சண்டை பிடிக்கவில்லை. அறை வாசலில் நின்று, கதவுக்கு மேல் எழுதியிருந்ததைச் சத்தமாக வாசித்தார். தாய்மார்கள் பாலூட்டும் அறை. நிறுத்தினார். மறுபடி வாசித்தார். ஏழெட்டுத் தடவை வாசித்திருப்பார். ஸ்டாண்டே திரும்பிப் பார்த்தது. சைக்கிள் ஸ்டாண்டுக்காரர் காது சிவக்கச் சாவியோடு ஓடிவந்தார். நாற்காலிகளை வெளியே எடுத்துப் போட்டதில் நானும் ஒரு கை கொடுத்தேன். அன்றைக்கு ஒன்பது நிமிடம் தாமதம். டிரைவர் அண்ணன் சின்னமனூர் வரைக்கும் ஹாரனிலிருந்து கையை எடுக்கவில்லை.

இவ்வளவையும் பார்த்து, அந்த அக்கா ஏதோ ஊர் திருத்த வந்தவர் என்று நினைத்தால் தப்பு. அவருக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. புருசன் ஏழரை மணிக்கு அரசு ஆஸ்பத்திரியில் டயாலிசிஸ் கட்டிலில் படுத்திருக்க வேண்டும். செவ்வாயும் வெள்ளியும். அந்த முறை தவறினால் யாராவது எழுந்திருக்கும்வரை வராந்தாவில் காத்துக் கிடக்க வேண்டும், அதற்குள் மனுசனுக்கு மூச்சு வாங்க ஆரம்பித்துவிடும். எங்கள் ஆறு பத்து வண்டியில் ஏறினால், தேனியில் மாறி, சரியான நேரத்துக்குப் போய்விடலாம். அதை விட்டால் தேனிக்கு அடுத்த வண்டி ஆறு ஐம்பதுக்கு.

அக்காவின் புருசன் வாழைத்தார் மண்டியில் சுமை தூக்கியவர். ஒரு காலத்தில் லாரி உயரத்துக்குத் தார் எறிந்தவர் என்று சொல்வார்கள். நான் பார்த்தபோது தோளெலும்பு சட்டைக்கு வெளியே துருத்திக்கொண்டிருந்தது. தண்ணீரையும் அளந்துதான் குடிக்க வேண்டும். பிளாஸ்க் மூடியில் ஊற்றி அக்கா கொடுப்பார், அவர் அதை வாயில் வைத்துக்கொண்டு வெகுநேரம் விழுங்காமல் இருப்பார். எப்போதும் குளிரும் அவருக்கு. பைபாஸ் வெட்டவெளியில் அந்த மனுசனைக் காலை நேரத்தில் நிற்க வைப்பது பாவம்தான். ஆனால் ஆட்டோவில் பைபாஸ் போய், வண்டி வரும்வரை ஆட்டோவிலேயே உட்கார்ந்திருக்கலாமே? நான் கேட்டேன். ஊரில் பாதிப் பேர் கேட்டிருப்பார்கள். அக்கா ஒத்துக்கொள்ளவே இல்லை. நான் ஆட்டோவுல ஒக்காந்துக்கிருவேன், ஆட்டோ இல்லாதவுக எங்கன ஒக்காருவாக என்றார்.

இங்கேதான் எனக்கு அவர்மேல் ஒரு பயம். பிடிவாதம் அவருடையது, உடம்பு அவர் புருசனுடையது. ஒருநாள் தேனியில் அக்கா மாத்திரை வாங்கப் போயிருந்தபோது அந்த மனுசனிடமே கேட்டேன், பேசாமல் பைபாஸுக்கு வந்துவிட்டால் என்ன என்று. அவர் லேசாகச் சிரித்தார்.

“நான் மெதுவா நடந்தே வந்துருவேன் தம்பி. ஆனா அவ ஒருத்தி அங்கன நிண்டு கேக்குறா. நான் பைபாஸுல போயி நிண்டா அவ கேக்குறது பொய்யாப் போயிரும்ல.”

நான் பையை மாட்டிக்கொண்டு ஆள் கூப்பிடப் போனேன்.

அக்கா நின்றால் நாங்கள் உள்ளே போனோமா? சில நாள் போவோம், பல நாள் போகமாட்டோம். ஆட்டோக்காரர் இரண்டு விரல் காட்டுவார். இரண்டு என்றால் அது அவர்கள்தான் என்று எனக்குத் தெரியும். டிரைவர் அண்ணன் கண்ணாடியில் என் முகத்தைப் பார்ப்பார். நேரம் இருந்தால் தலையை அசைப்பேன், பின்னால் வண்டி நெருக்கினால் அசைக்கமாட்டேன். போகாத நாளில், சின்னமனூரோடு நிற்கும் அரசு டவுன் பஸ் வாய்த்தால் புருசனோடு அதில் ஏறிப் போய், அங்கே ஆள் ஏற்றிக்கொண்டு நிற்கும் எங்கள் வண்டியை அக்கா ஓடிவந்து பிடித்து நிறுத்தியதும் உண்டு. அப்போதும் திட்டமாட்டார். இன்னைக்கு வரலீக என்று மட்டும் சொல்லி, ஒரு சின்ன நோட்டில் தேதியைக் குறித்துக்கொள்வார். அந்த நோட்டைக் கண்டாலே எனக்குக் கால் தரிக்காது.

ஐப்பசி மாதம், அடைமழை. கம்பத்திலேயே நான்கு நிமிடம் தாமதமாகத்தான் எடுத்தோம். உத்தமபாளையத்தில் ஒரு லாரி குறுக்கே நின்று இன்னும் மூன்று நிமிடம் போயிற்று. பின்னால் வருகிற வண்டியின் விளக்கு எங்கள் கண்ணாடியில் தெரிந்தது. பிரிவில் ஆட்டோக்காரர் ரெக்சின் திரையை விலக்கிக் கையை நீட்டினார். கை மூடியிருந்தது. உள்ளே ஆள் இல்லை. டிரைவர் அண்ணன் கண்ணாடியில் பார்த்தார். நான் இரட்டை விசில் கொடுத்தேன். வண்டி நேரே போய்விட்டது.

கை மூடியிருந்தது உண்மை. அன்று செவ்வாய்க்கிழமை என்பதும் உண்மை. விசில் வாயில் இருந்தபோதே அது எனக்குத் தெரியும். மழையோ வெயிலோ அந்த அக்கா நாலாவது தூணருகே இல்லாமல் இருக்கமாட்டார் என்று என்னைவிட நன்றாகத் தெரிந்தவர் யாரும் இல்லை. அப்படியும் அந்த மூடிய கையை நான் வாங்கிக்கொண்டேன். எனக்கு அது வசதியாக இருந்தது.

நடந்தது பிற்பாடு தெரிந்தது. சாரல் கூரைக்குள் அடித்துப் பெஞ்செல்லாம் நனைந்துவிட்டது. புருசனுக்கு நடுக்கம் கண்டது. பக்கத்தில் பாலூட்டும் அறை திறந்து கிடந்தது, அக்கா பாடுபட்டுத் திறக்க வைத்த அறை. ஆண்கள் உள்ளே போகக்கூடாது என்று எழுதியிருக்கிறது. அக்கா வாசலில் நின்று அதை வாசித்துக்கொண்டே கொஞ்ச நேரம் யோசித்திருக்கிறார். அப்புறம் அவரை உள்ளே கூட்டிப்போய் உட்கார வைத்து, போர்வையைப் போர்த்தி, தானும் கூடவே நின்றிருக்கிறார். அந்த நேரம் பார்த்து வந்த ஆட்டோக்காரர் ஸ்டாண்டை ஒரு சுற்றுப் பார்த்தார், ஒருவரும் கண்ணில் படவில்லை. எங்கள் வண்டி வரவில்லை. மழையைச் சாக்கிட்டு ஆறு ஐம்பது வண்டியும் வரவில்லை. ஏழரை முறை போயிற்று. வாடகைக்கு ஒரு கார் பிடித்துப் போய்ச் சேர்ந்தபோது அந்த மனுசனுக்கு மூச்சு முட்டிக்கொண்டிருந்தது. நான்கு நாள் ஆஸ்பத்திரியில் வைத்திருந்துதான் அனுப்பினார்கள்.

அக்கா புகார் எழுதினார். தேனியில் விசாரணைக்கு முதலாளி, டிரைவர் அண்ணன், நான் மூன்று பேரும் போனோம். போகிற வழியெல்லாம் முதலாளி என்னையே முறைத்துக்கொண்டு வந்தார். என் கண்டக்டர் லைசென்சை நிறுத்தி வைப்பார்கள் என்றும், அப்படி ஆனால் தன்னிடம் திரும்பி வர வேண்டாம் என்றும் சொல்லியிருந்தார். பெண்ணைக் காலேஜில் சேர்த்திருந்த நேரம் எனக்கு.

ஏன் உள்ளே போகவில்லை என்று அதிகாரி கேட்டார். உள்ளே ஆள் இல்லை என்று தகவல் வந்தது சார் என்றேன். தகவல் எப்படி வரும் என்று அவர் கேட்கவில்லை. அக்கா பக்கம் திரும்பினார். அக்கா உறையிலிருந்து காகிதத்தை எடுத்து மேசைமேல் வைத்தார், நோட்டையும் வைத்தார். வரவில்லை என்பதைத் தேதி தேதியாகச் சொன்னார். ஒரு நாளைக்கூடக் கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. நாங்கள் உள்ளே போன நாட்களையும் சேர்த்தே சொன்னார். கடைசியில், அந்த மழைநாளில் நடந்ததற்கு வந்தார்.

“அன்னைக்கு எம்மேலயும் தப்பு இருக்கு சார். அந்த ரூமு புள்ளைக்குப் பால் கொடுக்கக் கட்டுனது. நான் இவுகள அங்கன கொண்டுபோயி ஒக்கார வச்சுட்டேன். வெளிய நிண்டிருந்தா கண்டக்டர் தம்பிக்கு ஆள் இருக்குண்டு தெரிஞ்சிருக்கும்.”

மேசைக் கண்ணாடிக்கு அடியில் ஒரு காலண்டர் அட்டை இருந்தது. நான் அதையே பார்த்துக்கொண்டு நின்றேன். செவ்வாய்க்கிழமை என்று எனக்குத் தெரியும் சார். அவ்வளவுதான் நான் சொல்ல வேண்டியது. நாக்கு நுனிவரை வந்தது. முதலாளி பக்கத்தில் நின்றார். நான் சொல்லவில்லை. எச்சரிக்கையோடு விட்டார்கள், இன்னொரு தடவை நடந்தால் லைசென்ஸ் போய்விடும் என்று எழுதி வாங்கிக்கொண்டார்கள். வெளியே வந்ததும் அக்கா என்னிடம், இப்ப எத்தன மணிக்குக் கம்பத்துக்கு எடுப்பீக என்று கேட்டார். வீட்டுக்குத் திரும்ப வேண்டுமல்லவா, அதற்குத்தான்.

அன்றையிலிருந்து என் முறையில் வண்டி ஸ்டாண்டுக்குள் போகாமல் இருந்ததில்லை. விரலைப் பார்ப்பதையே விட்டுவிட்டேன். டிரைவர் அண்ணன் முணுமுணுத்தார், அப்புறம் பழகிக்கொண்டார். ஒருவருமே நிற்காத நாளிலும் போனோம். மற்ற வண்டிக்காரர்கள் என்னைச் சின்ன ஆர்.டி.ஓ. என்று கேலி செய்தார்கள். செய்துவிட்டுப் போகட்டும். ராத்திரி படுத்தால் மட்டும் அந்தக் காலண்டர் அட்டை கண்ணுக்குள் வந்து நின்றது.

மாசியில் அக்காவின் புருசன் இறந்துபோனார். ஒரு ஞாயிற்றுக்கிழமை, வீட்டில், தூக்கத்தில். இனி அக்கா ஸ்டாண்டுக்கு வரமாட்டார் என்றுதான் நினைத்தேன். காரியமெல்லாம் முடிந்து அடுத்து வந்த செவ்வாய்க்கிழமை, வண்டி உள்ளே திரும்பியபோது, நாலாவது தூணருகே நடந்துகொண்டிருந்தார். கூடை இல்லை. பெஞ்சு காலியாக இருந்தது. வண்டி நின்றும் ஏறவில்லை. நான் இறங்கிப் போனேன். அந்த மழைநாளுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்று டாக்டர் சொன்னதாக, நான் கேட்காமலேயே சொன்னார். எனக்குக் கண் நிறைந்துவிட்டது. மறைக்கவில்லை.

“அன்னைக்குச் செவ்வாக்கிழமைண்டு ஒங்களுக்குத் தெரியும்ல தம்பி” என்றார்.

“தெரியும்க்கா.”

“தெரியும்ண்டு எனக்கும் தெரியும். அதை நான் ஆபீஸ்ல சொல்லியிருந்தா ஒங்கள நிப்பாட்டியிருப்பாக. புதுசா ஒரு ஆளு வந்திருப்பாரு. அவருக்கு நான் மொதல்ல இருந்து சொல்லணும். இவுகளுக்கு அம்புட்டு நாள் இல்ல. நீங்க தெரிஞ்ச ஆளு, இனிமே உள்ள வருவீகண்டு நெனச்சேன். வந்தீக.”

மன்னித்துவிட்டேன் என்று சொல்வார் என ஒரு நிமிடம் காத்து நின்றேன். சொல்லவில்லை. என்னைக் காப்பாற்றவும் இல்லை, தண்டிக்கவும் இல்லை. கண்டக்டரை எதற்கு வைத்திருக்கிறார்களோ அதற்குப் பயன்படுத்திக்கொண்டார். சரி, இன்றைக்கு எங்கே போகவேண்டும் அக்கா என்று கேட்டேன்.

எங்கயும் போகல என்றார். பிரிவுப் பக்கம் கையைக் காட்டினார். “ஆட்டோக்காரவுக ஒரு வெரலாச்சும் காட்டணும்ல. சும்மா நிக்கிறேன்.”

விரல் விவகாரம் அவருக்கு எப்போதிருந்து தெரியும் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. அவரைத் திருப்பூருக்கு மகள் கூட்டிக்கொண்டு போகும்வரை செவ்வாயும் வெள்ளியும் அப்படிச் சும்மா நின்றார். சும்மா என்றால் நடந்துகொண்டே. அவர் நிற்பதைப் பார்த்து இரண்டு காலேஜ் பெண்கள் நின்றார்கள். அப்புறம் கோர்ட்டுக்குப் போகிற ஒருவர், மாசமாக இருந்த ஒரு பெண். ஐந்து விரல் விரிகிற நாட்களும் வந்தன. அதற்குப் பிறகு முதலாளி வண்டியை விற்றார், நானும் இறங்கிக்கொண்டேன்.

போன மாதம் சுருளிப்பட்டியில் ஒரு கல்யாண வீடு. மறுநாள் காலையில் கடை திறக்க வேண்டும் என்று கம்பம் வந்து முதல் வண்டியைப் பிடித்தேன். அதே நேரம், அதே தடம். சின்ன வயதுக் கண்டக்டர், காதில் ஒயர் மாட்டியிருந்தான். பிரிவு வந்தது. ஆட்டோ நின்றது. கை உயர்ந்தது. மூடியிருந்தது. விசிலை வாயில் வைத்தான்.

நான் எழுந்துவிட்டேன். ஸ்டாண்டுக்குள்ள போகணும் என்றேன்.

“உள்ள ஆள் இல்லண்ணே.”

“பின்ன எதுக்குக் கட்டுனாக?”

வண்டியில் இருந்தவர்கள் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். யாரோ சிரித்தார்கள். அப்படிச் சிரிப்பவர்களோடு சேர்ந்து ஒரு காலத்தில் நானும் சிரித்திருக்கிறேன். நேரமாச்சுண்ணே, எறங்குறதா இருந்தா எறங்குங்க என்றான் அந்தப் பையன், மரியாதையாகத்தான். இறங்கினேன். வண்டி போய்விட்டது. அன்றைக்கு எந்தக் கிழமை என்று அப்போதுதான் யோசித்தேன். வியாழன்.

ஒரு கிலோமீட்டர் நடந்தேன். ஸ்டாண்டு காலியாக இருந்தது. மேலே பெரிய கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது, மணி சரியாகவும் இருந்தது. பெஞ்சில் உட்காரலாம் என்று பார்த்தேன், முடியவில்லை. நாலாவது தூணுக்கும் கழிப்பறைச் சுவருக்கும் நடுவே நடக்க ஆரம்பித்தேன். சவாரி தேடி வந்த ஒரு ஆட்டோ ஸ்டாண்டை ஒரு சுற்றுச் சுற்றியது. பைபாஸ் போகணுமா என்று ஓட்டுகிறவர் கேட்டார். இல்லை, இங்கேதான் நிற்கிறேன் என்றேன். என்னை ஒருமாதிரியாகப் பார்த்துவிட்டுப் பிரிவுப் பக்கம் போனார். ஆறு ஐம்பது வண்டி வரும்போது அவர் ஒரு விரலாவது காட்டியாக வேண்டும்.